கண்ணுக்குள் இருக்கும் ஜிங்க், செம்பு, இரும்பு: மாக்குலா சிதைவு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

விழித்திரை டாக்டரைப் பார்த்துவிட்டு வந்த பெங்களூர்த் தமிழ்க் குடும்பங்கள் மருந்துக் கடையிலும் சாப்பாட்டு மேசையிலும் கேட்கிற கேள்விகள் இவை. ஓசிடி (விழித்திரையை அடுக்கடுக்காகக் காட்டும் ஸ்கேன்) அறிக்கை, மாத்திரை அட்டை, வழக்கமாகச் சாப்பிடும் மற்ற மருந்துகள் மூன்றையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

கண்ணுக்குள்ள உலோகமா? அது இருக்கணுமா, இருக்கக் கூடாதா?

இருக்கணும். விழித்திரைக்குப் பின்னால், ஒரே ஒரு செல் தடிமனில், கருப்பு நிற அடுக்கு ஒன்று ஒட்டியிருக்கிறது. அதை நிறமி அடுக்கு என்று வைத்துக்கொள்வோம். அதற்கும் பின்னால் ரத்தக் குழாய்கள் பின்னிக் கிடக்கும் கோராய்டு. உடம்பிலேயே ஜிங்க் (துத்தநாகம்) மிக அடர்த்தியாகச் சேர்ந்திருக்கும் இடங்களில் இதுவும் ஒன்று. ஒளியை வாங்கும் செல்கள் தங்கள் நுனியைத் தினமும் கொஞ்சம் உதிர்க்கும். அந்தக் குப்பையை விழுங்கிச் செரிப்பது நிறமி அடுக்கின் வேலை. அதன் நொதிகள் பலவற்றுக்கு ஜிங்க் வேண்டும்.

செம்பு இல்லாமல் மெலனின் நிறமி உருவாகாது. ஆக்சிஜன் கழிவை முறிக்கும் சூப்பர்ஆக்சைடு டிஸ்மியூட்டேஸ் என்ற நொதிக்குச் செம்பு, ஜிங்க் இரண்டும் தேவை. வெளிச்சம் பட்டுச் செலவான வைட்டமின் ஏ-வை மறுபடி பார்வைக்குத் தயார் செய்யும் ஆர்பிஇ65 என்ற நொதி இரும்பை வைத்துத்தான் ஓடுகிறது. ஆக இந்த மூன்றும் கண்ணின் வேலையாட்கள். எவ்வளவு இருக்கிறது என்பதோடு, எந்த இடத்தில், எதோடு ஒட்டிக்கொண்டு இருக்கிறது என்பதையும் பார்க்க வேண்டும்.

(இரவில் டார்ச் அடித்தால் தெருநாயின் கண் பளபளக்கிறதே, அந்தப் பிரதிபலிப்பு அடுக்கில் இருப்பது ஜிங்க் சேர்மம்தான். மனிதக் கண்ணில் அந்த அடுக்கு கிடையாது.)

அறிக்கையில் 'ட்ரூசன்', 'டிரை ஏஎம்டி' என்று இருக்கிறது. அப்படியென்றால்?

விழித்திரையின் நடுமையம் மாக்குலா. படிப்பது, முகம் பார்ப்பது, ஊசியில் நூல் கோர்ப்பது எல்லாம் அதை வைத்துத்தான். வயதால் அது சிதைவதன் ஆங்கிலச் சுருக்கம்தான் ஏஎம்டி. வயதாக ஆக நிறமி அடுக்குக்கு அடியில் கொழுப்பும் புரதமும் கலந்த மஞ்சள் படிவுகள் சேரும். அவைதான் ட்ரூசன். 63 மைக்ரானுக்கும் (மைக்ரான் என்பது மி.மீ.-இல் ஆயிரத்தில் ஒரு பங்கு) சிறியவை வயதின் அடையாளம். அவற்றை நோய் என்று சொல்வதில்லை. 63 முதல் 125 மைக்ரான் வரை இருந்தால் தொடக்க நிலை. 125 மைக்ரானைத் தாண்டினால், அல்லது நிறமி அடுக்கில் கருமையோ வெளுப்போ தெரிந்தால், இடைநிலை. பார்வை நரம்பின் ஓரத்தில் ஓடும் சிரை ஏறக்குறைய 125 மைக்ரான் அகலம். டாக்டர் அதைத்தான் கண்ணளவு ஸ்கேலாக வைத்துக்கொள்கிறார்.

முற்றிய நிலை இரண்டு வகை. செல்கள் திட்டுத்திட்டாக அழிவது உலர் வகை. கோராய்டிலிருந்து புதுக் குழாய்கள் முளைத்துக் கசிவது ஈர வகை. கீழே வரும் மாத்திரைப் பேச்சு முழுவதும் நீங்கள் எந்த நிலையில் இருக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. அறிக்கையில் நிலை எழுதியிருக்காவிட்டால் டாக்டரிடம் கேட்டு எழுதி வாங்குங்கள்.

இந்த நோய்க்கும் உலோகத்துக்கும் என்ன சம்பந்தம்?

இரும்பிலிருந்து தொடங்கலாம். இரும்பு புரதத்துக்குள் அடைந்து கிடக்கும்வரை தொந்தரவில்லை. அவிழ்ந்து திரியும் இரும்பு ஹைட்ரஜன் பெராக்சைடோடு சேர்ந்தால் ஹைட்ராக்சில் என்ற மூர்க்கமான துணுக்கு பிறக்கும். ஃபென்டன் வினை என்பது இதுதான். மாக்குலாவில் நாள் முழுக்க வெளிச்சம், ஏராளமான ஆக்சிஜன், சீக்கிரம் கெட்டுப்போகும் கொழுப்பு மூன்றும் ஒரே இடத்தில் இருக்கின்றன. எண்ணெய்ச் சட்டி பக்கத்தில் தீப்பொறி மாதிரி. ஏஎம்டி வந்த தானக் கண்களின் மாக்குலாவில் இப்படி எளிதில் கழன்று வரும் இரும்பு அதிகமாக இருப்பதை 2003இல் வெளியான ஆய்வு காட்டியது.

இரும்பு செல்லை விட்டு வெளியேற ஒரு கதவு வேண்டும். அந்தக் கதவைத் திறக்க உதவும் புரதங்களில் முக்கியமானது செருலோபிளாஸ்மின். அது செம்பைச் சுமக்கும் புரதம். பிறவியிலேயே இது இல்லாதவர்களுக்கு விழித்திரையில் இரும்பு தேங்கி, மாக்குலா சிதைவைப் போன்ற மஞ்சள் படிவுகள் உண்டாவதைப் பார்த்திருக்கிறார்கள். செம்பின் வேலை கெட்டால் இரும்பு தேங்கும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டியதில்லை.

ஜிங்க் கதை கொஞ்சம் முரண்டு பிடிக்கும். ஏஎம்டி கண்களின் நிறமி அடுக்கையும் கோராய்டையும் 2009இல் அளந்தபோது, நோயில்லாத கண்களைவிட ஜிங்க் 24 சதவீதமும் செம்பு 23 சதவீதமும் குறைவாக இருந்தன. அதே நேரம் ட்ரூசனுக்குள் ஜிங்க் குவிந்து கிடக்கிறது. செல்லுக்குள் பற்றாக்குறை, வெளியே குப்பையில் குவியல். நோய் எதிர்ப்பு மண்டலத்துக்கு பிரேக் போடும் 'காம்ப்ளிமென்ட் ஃபேக்டர் எச்' என்ற புரதத்தை ஜிங்க் கட்டியாக்கிவிடுவதையும் ஆய்வகத்தில் பார்த்திருக்கிறார்கள். இந்தப் புரதத்தின் மரபணுவில் வரும் ஒரு மாற்றம் ஏஎம்டி ஆபத்தைக் கூட்டுகிறது என்பது 2005இல் தெரியவந்தது.

'ஜிங்க் நல்லது, அதனால் நிறைய சாப்பிடலாம்' என்ற கணக்கு ஏன் செல்லாது என்பது இதிலிருந்தே புரியும்.

டாக்டர் எழுதித் தரும் 'ஏரெட்ஸ்' மாத்திரையில் என்ன இருக்கிறது?

ஏரெட்ஸ் என்பது ஆராய்ச்சியின் பெயர். அமெரிக்காவின் தேசியக் கண் நிறுவனம் நடத்தி, முடிவை 2001இல் வெளியிட்டது. அப்போது தினசரி அளவு: வைட்டமின் சி 500 மி.கி., வைட்டமின் இ 400 ஐயு, பீட்டா கரோட்டின் 15 மி.கி., ஜிங்க் 80 மி.கி., செம்பு 2 மி.கி. இடைநிலையில் இருந்தவர்களிலும், ஒரு கண்ணில் ஏற்கெனவே முற்றியவர்களிலும், வெற்று மாத்திரை சாப்பிட்ட நூறு பேரில் 28 பேருக்கு ஐந்து ஆண்டுகளில் நோய் முற்றியது. முழுக் கலவை சாப்பிட்டவர்களில் 20 பேருக்கு. நூறில் எட்டுப் பேருக்கு லாபம். மருத்துவக் கணக்கில் இது சின்ன விஷயமல்ல. மீதி 20 பேருக்கு மாத்திரை சாப்பிட்டும் முற்றியது என்பதையும் சேர்த்தே நினைவில் வையுங்கள்.

2013இல் இரண்டாவது ஆய்வின் முடிவு வந்தது. பீட்டா கரோட்டினுக்குப் பதிலாக லுடீன் 10 மி.கி., ஜியாசாந்தின் 2 மி.கி. என்ற இரண்டு மஞ்சள் நிறமிகள் வந்தன. மீன் எண்ணெயின் ஒமேகா-3 சேர்த்தும் பார்த்தார்கள், கூடுதல் பலன் இல்லை. இன்று 'ஏரெட்ஸ் 2' என்று எழுதினால் பொருள் இதுதான்: சி 500, இ 400, லுடீன் 10, ஜியாசாந்தின் 2, ஜிங்க் 80, செம்பு 2.

வீட்டில் எல்லாரும் சாப்பிடலாமா? வருமுன் காப்போம் என்று?

வேண்டாம். ட்ரூசன் இல்லாதவர்களுக்கோ சின்னதாக ஒன்றிரண்டு இருப்பவர்களுக்கோ இது நோயைத் தடுத்ததாகச் சான்று இல்லை. நாற்பது வயது மகனும் மகளும் அப்பாவின் டப்பாவிலிருந்து எடுத்துப் போட்டுக்கொள்வது காசுக்கும் கேடு, குடலுக்கும் கேடு. போன பார்வையையும் இது திருப்பித் தராது. 'மூணு மாசம் சாப்பிட்டேன், எழுத்து தெளிவாகலையே' என்று நிறுத்துகிறவர்கள் நிறையப் பேர். எழுத்தைத் தெளிவாக்குவதற்காக அதை எழுதித் தரவில்லை. இருக்கிற பார்வை இன்னும் கீழே போகாமல் பார்த்துக்கொள்ளத்தான் தந்தார்கள்.

லேபிளைப் படித்தால் தலை சுற்றுகிறது. எதைப் பார்க்க வேண்டும்?

கடையில் 'ஐ விட்டமின்' என்று கேட்டால் பத்து வகை வரும். பெரும்பாலானவற்றில் ஜிங்க் 80 மி.கி. இருக்காது. பின்பக்கம் நான்கு விஷயம் பாருங்கள்.

முதலில், எழுதியிருக்கும் எடை ஜிங்க் உப்பின் எடையா, உலோக ஜிங்கின் எடையா? நமக்கு வேண்டியது 'எலிமெண்டல் ஜிங்க்' என்ற சொல்லுக்குப் பக்கத்தில் இருக்கும் எண். அது இல்லாவிட்டால் நீங்களே கணக்குப் போடலாம். ஜிங்க் ஆக்சைடில் 80 சதவீதம் ஜிங்க். சல்பேட் மோனோஹைட்ரேட்டில் 36, ஹெப்டாஹைட்ரேட்டில் 23, அசிடேட்டில் 30, குளுகோனேட்டில் வெறும் 14. நம் ஊர்க் கேப்ஸ்யூல்களில் அடிக்கடி கண்ணில் படும் 'ஜிங்க் சல்பேட் மோனோஹைட்ரேட் 61.8 மி.கி.' என்பது உண்மையில் 22.5 மி.கி. ஜிங்க். 'குளுகோனேட் 50 மி.கி.' என்று பெரிதாகப் போட்டிருந்தால் உள்ளே இருப்பது 7 மி.கி. ஐம்பது என்று நம்பிக்கொண்டிருப்பீர்கள்.

அடுத்தது 'பெர் சர்விங்'. ஒரு சர்விங் என்பது சில டப்பாக்களில் இரண்டு கேப்ஸ்யூல். ஒன்றை விழுங்கினால் பாதி அளவுதான் போயிருக்கும்.

மூன்றாவது, லுடீன். '10% லுடீன் 100 மி.கி.' என்று எழுதியிருந்தால் கிடைப்பது 10 மி.கி. அது சரியான அளவுதான். '5% லுடீன் 100 மி.கி.' என்றால் பாதி.

கடைசியாக, செம்பு இருக்கிறதா, பீட்டா கரோட்டின் இருக்கிறதா? முதலாவது இருக்க வேண்டும், இரண்டாவது இருக்கக் கூடாது. காரணங்கள் கீழே.

சத்து மாத்திரையும் கண் மாத்திரையும் சேர்த்துச் சாப்பிடுகிறவர்கள் இரண்டின் ஜிங்கையும் கூட்டிப் பாருங்கள். டாக்டர் பார்வையில் இல்லாமல் சாப்பிடுகிறவருக்கு நாளொன்றுக்கு 40 மி.கி.தான் மேல் எல்லை என்பது அமெரிக்க அளவுகோல். 80 மி.கி. அதைப்போல் இரண்டு மடங்கு. அதனால்தான் இது டாக்டர் சொல்லிச் சாப்பிட வேண்டிய மாத்திரை.

80 மி.கி. வயிற்றைப் புரட்டுகிறது. குறைத்துக்கொள்ளலாமா?

வெறும் வயிற்றில் போட்டால் புரட்டத்தான் செய்யும், வாயில் உலோகச் சுவையும் வரும். இரண்டாகப் பிரித்து, காலை இட்லிக்குப் பின் ஒன்று, இரவுச் சாப்பாட்டுக்குப் பின் ஒன்று என்று சாப்பிடுங்கள். அந்த ஆய்வுகளிலும் இரண்டு வேளையாகச் சாப்பாட்டோடுதான் கொடுத்தார்கள்.

இரண்டாவது ஆய்வில் 80-ஐயும் 25-ஐயும் ஒப்பிட்டபோது நோய் முற்றும் வேகத்தில் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. அதற்காக 25 போதும் என்று உறுதியாகவும் சொல்லிவிட முடியாது. அந்த ஒப்பீட்டில் வெற்று மாத்திரைக் குழு கிடையாது. ஆகவே அதிகாரபூர்வ அளவு இன்னும் 80தான். எங்கள் கருத்து: 80 தாங்காமல் மாத்திரையையே தூக்கிப் போடுவதைவிட, டாக்டரிடம் சொல்லி 25-க்கு இறங்குவது நல்லது. முதல் ஆய்வில் ஜிங்க் சாப்பிட்டவர்களில் 7.5 சதவீதம் பேர் சிறுநீர்ப் பாதைத் தொல்லைக்காக மருத்துவமனையில் சேர்ந்தார்கள், சாப்பிடாதவர்களில் 4.9. புராஸ்டேட் வீக்கமோ சிறுநீரகக் கல்லோ இருப்பவர்கள் இதை விழித்திரை டாக்டரிடம் வாய் திறந்து சொல்ல வேண்டும். அவர் கண்ணைத்தான் பார்ப்பார், நீங்கள் சொன்னால்தான் தெரியும்.

செம்பு எதற்கு? ஜிங்க் மட்டும் தனியாகச் சாப்பிட்டால் என்ன ஆகும்?

இது மெதுவாக நடக்கும், அதனாலேயே தப்பிவிடும். ஜிங்க் அதிகமானால் குடலின் உட்சுவர்ச் செல்கள் மெட்டலோதையோனின் என்ற புரதத்தை நிறையத் தயாரிக்கும். அது ஜிங்கைவிடச் செம்பை இறுக்கமாகப் பிடிக்கும். சாப்பாட்டில் வரும் செம்பு அதில் மாட்டிக்கொள்ளும், சில நாளில் அந்தச் செல் உதிரும்போது மலத்தோடு வெளியே போய்விடும். உடம்பில் செம்பு தேங்கும் வில்சன் நோய்க்கு ஜிங்கை மருந்தாகக் கொடுப்பதே இந்த வழியை நம்பித்தான்.

பல மாதங்கள் இப்படிப் போனால் இரும்பு மாத்திரைக்கு அசையாத ரத்தசோகை வரும், வெள்ளை அணுக்கள் குறையும். அதற்குப் பிறகு காலில் மரமரப்பு, கண்ணை மூடினால் தள்ளாட்டம். தண்டுவடம் பாதிக்கப்பட்டதன் அறிகுறி அது. பி12 குறைபாடு என்று நினைத்து ஊசி போட்டுக்கொண்டே இருப்பார்கள், சரியாகாது. ரத்தம் சீக்கிரம் தேறிவிடும், நரம்பு முழுதாகத் தேறாமலும் போகலாம். முன்பு சில பல்செட் ஒட்டும் பசைகளில் ஜிங்க் இருந்ததால் அளவுக்கு மீறிப் பூசியவர்களுக்கு இதே கோளாறு வந்தது.

80 மி.கி. ஜிங்கோடு 2 மி.கி. செம்பு இருப்பதற்குக் காரணம் இதுதான். வருடத்துக்கு ஒரு முறையாவது முழு ரத்த எண்ணிக்கை பாருங்கள். வில்சன் நோய் உள்ளவர்கள் மட்டும் செம்பு கலந்த எதையும் தொடக் கூடாது.

தைராய்டு, சர்க்கரை, பிபி மாத்திரைகளோடு எந்த நேரம் சாப்பிடுவது?

தைராக்சின் காலை எழுந்ததும் சாப்பிடுகிறீர்கள் என்றால், ஜிங்க் நான்கு மணி நேரம் தள்ளி இருக்கட்டும். அப்படியானால் காலை வேளையை விட்டுவிட்டு மதியமும் இரவும் வைத்துக்கொள்ளுங்கள். சிப்ரோஃப்ளாக்ஸசின், டாக்ஸிசைக்ளின் போன்ற ஆன்டிபயாடிக்குகளை ஜிங்க் குடலிலேயே பிடித்து வைத்துவிடும், மருந்து ரத்தத்துக்குப் போகாது. ஐந்து நாள் ஆன்டிபயாடிக் என்றால் அந்த ஐந்து நாளும் கண் மாத்திரையை நிறுத்திவைப்பதே சுலபம், ஐந்து நாளில் கண்ணுக்கு ஒன்றும் ஆகிவிடாது. இரும்பு, கால்சியம் மாத்திரைகளுக்கு இரண்டு மணி நேர இடைவெளி போதும். வார்ஃபரின் சாப்பிடுகிறவர்கள் 400 ஐயு வைட்டமின் இ பற்றி இதய டாக்டரிடம் கேட்காமல் தொடங்க வேண்டாம்.

இரும்பு கண்ணுக்குக் கெடுதல் என்றால், அம்மாவின் ரத்தசோகை மாத்திரையை நிறுத்திவிடலாமா?

கூடவே கூடாது. கண்ணில் இரும்பு தேங்குவது அந்த இடத்தின் வெளியேற்றக் கோளாறு. ரத்தசோகை இருப்பவர் இரும்பு சாப்பிட்டால் அது எலும்பு மஜ்ஜைக்குப் போய் ரத்தமாகும். அதே சமயம் ரத்தசோகை இல்லாதவர் 'சக்திக்கு' என்று டானிக் குடிப்பதில் அர்த்தமில்லை.

ஈர வகையில் விழித்திரைக்கு அடியில் ரத்தம் கசிந்தால் அந்த ரத்தத்தின் இரும்பே ஒளிச் செல்களை அரிக்கும். கசிவு என்றதும் டாக்டர்கள் அவசரப்படுத்துவதன் காரணங்களில் இதுவும் ஒன்று.

சாப்பாட்டிலேயே ஜிங்க் கிடைக்காதா?

80 மி.கி. கிடைக்காது. அன்றாடத் தேவை கிடைக்கும்: ஐசிஎம்ஆர் (இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம்) 2020 கணக்கில் ஆண்களுக்கு 17 மி.கி., பெண்களுக்கு 13.2 மி.கி. மேலைநாட்டு அளவைவிட இது கூடுதலாக இருப்பதன் காரணம் நம் தட்டிலேயே இருக்கிறது. தானியத்திலும் பருப்பிலும் உள்ள ஃபைட்டேட் ஜிங்கைப் பிடித்து வைத்துக்கொள்ளும்.

பெங்களூரில் இருப்பவர்களுக்கு ராகி தினசரிப் பழக்கமாகிவிடுகிறது. நல்லதுதான், ஆனால் நேரடியாக அரைத்த மாவில் களி கிண்டுவதைவிட, ராகியை இரவு ஊறவைத்து, துணியில் கட்டி முளைகட்டி, நிழலில் காயவைத்து அரைத்த மாவில் ஃபைட்டேட் குறையும், ஜிங்க் கூடுதலாக உள்ளே போகும். இட்லி, தோசை மாவு புளிக்கும்போதும் இதே வேலை நடக்கிறது. ஃபிரிட்ஜில் வைத்துப் புளிக்காமலே ஊற்றினால் அந்தப் பலன் குறைவு. எள்ளிலும் பூசணி விதையிலும் நூறு கிராமுக்கு ஏழு மி.கி. அளவில் ஜிங்க் உண்டு. சாப்பிடுகிறவர்களுக்கு ஆட்டுக்கறி நல்ல வழி, அதன் ஜிங்க் சுலபமாகச் சேரும். லுடீனுக்குக் கீரை, கூடவே கொஞ்சம் எண்ணெய். முட்டை மஞ்சள் கருவும் ஆகும்.

செம்புக் குடத்துத் தண்ணீர் குடித்தால் போதாதா? போர்வெல் தண்ணீரில் உலோகம் இருக்குமே?

சிக்பேட்டையில் வாங்கிய செம்புக் குடத்தில் தண்ணீர் வைத்துக் குடிப்பதால் கெடுதல் இல்லை. பெங்களூரில் செய்து 2012இல் வெளியான ஓர் ஆய்வில், 16 மணி நேரம் செம்புப் பானையில் வைத்த தண்ணீரில் வயிற்றுப்போக்குக் கிருமிகள் செத்துவிட்டன. கரைந்த செம்பு லிட்டருக்கு 0.2 மி.கி.-க்கும் கீழே. உலக சுகாதார அமைப்பின் எல்லை 2 மி.கி. மாத்திரையின் 2 மி.கி. செம்புக்கு இது ஈடாகாது, அவ்வளவுதான். மோர், எலுமிச்சைச் சாறு, புளிக்குழம்பு மட்டும் வெள்ளீயம் பூசாத செம்பிலோ பித்தளையிலோ வைக்காதீர்கள். புளிப்பு செம்பை மளமளவென்று கரைக்கும், வாந்தி வரும்.

போர்வெல் தண்ணீரின் கடினம் பெரும்பாலும் கால்சியமும் மெக்னீசியமும். குழாயில் வெள்ளைப் படலம் கட்டுவதற்கும் மாக்குலாவுக்கும் சம்பந்தமில்லை.

சிகரெட்டுக்கும் இதற்கும் என்ன?

புகையிலைச் செடி மண்ணிலிருந்து காட்மியம் என்ற நச்சு உலோகத்தை இலையில் சேர்த்துக்கொள்ளும். புகை வழியாக அது நுரையீரலுக்கும் ரத்தத்துக்கும் போகும். உடம்பில் ஒரு முறை சேர்ந்தால் பாதியாகக் குறையவே பத்து ஆண்டுக்கு மேல் ஆகும். கண்ணில் அது சேரும் இடமும் அதே நிறமி அடுக்குதான். பீடிக்கும் இது பொருந்தும். மாற்ற முடிந்த காரணங்களில் ஏஎம்டி-க்கு முதல் எதிரி புகைதான். எந்த மாத்திரையும் அதை ஈடுகட்டாது.

பீட்டா கரோட்டின் வேண்டாம் என்றதும் இதனால்தான். இரண்டாவது ஆய்வில் அதைச் சாப்பிட்டவர்களில் 2 சதவீதம் பேருக்கு நுரையீரல் புற்று வந்தது, சாப்பிடாதவர்களில் 0.9. வந்தவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் முன்பு புகைத்து நிறுத்தியவர்கள். 'விட்டு இருபது வருஷம் ஆச்சு' என்றாலும் லேபிளைப் பாருங்கள்.

சுர்மா போட்டால் பார்வை கூர்மையாகும் என்கிறார்களே?

பாரம்பரிய சுர்மாவில் பெரும்பாலும் ஈய சல்பைடுதான் பொடியாக இருக்கும். கண்ணீர்ப் பாதை வழியாகத் தொண்டைக்கும், விரல் வழியாக வாய்க்கும் போய் ரத்தத்தில் ஈயம் ஏறும். பேரக் குழந்தைக்குப் போட்டுவிடுவது இன்னும் மோசம்.

ரத்தத்தில் ஜிங்க் அளவு பார்த்துவிட்டு மாத்திரை தொடங்கலாமா? முடி டெஸ்ட்?

ரத்த அளவு கண்ணின் அளவைச் சொல்லாது. சாப்பிட்டதும் அது இறங்கும், காய்ச்சல் வந்தால் இறங்கும், ஆல்புமின் குறைந்தாலும் இறங்கும். ரத்தம் எடுக்கும்போது சிவப்பணு உடைந்தால் ஏறும், சாதாரணக் குழாயின் ரப்பர் மூடியிலிருந்துகூட ஜிங்க் கலந்துவிடும். வேறு காரணத்துக்காகப் பார்த்தே ஆகவேண்டுமென்றால் காலையில் வெறும் வயிற்றில், நீல மூடி போட்ட டிரேஸ் எலிமென்ட் குழாயில் எடுக்கச் சொல்லுங்கள். முடி டெஸ்ட் காசுக்குப் பிடித்த கேடு.

சிரை வழியாக மருந்து ஏற்றி 'உலோகத்தை இழுத்துவிடுகிறோம்' என்கிற கீலேஷன் விளம்பரங்களுக்கும் போகாதீர்கள். ஏஎம்டி-க்கு அது பலன் தந்ததாகச் சான்றில்லை. அடிக்கடி ரத்தம் ஏற்றிக்கொள்பவர்களுக்கு இரும்பை வெளியேற்றத் தரும் டெஃபெராக்சமைன் என்ற மருந்தே சிலருக்கு விழித்திரையைக் கெடுத்திருக்கிறது. டிபி-க்குத் தரும் எத்தாம்பியூட்டால் செம்பையும் ஜிங்கையும் பிடித்துக்கொள்ளும் குணமுள்ளது. பார்வை நரம்பை அது பாதிப்பதற்கு இதுவே காரணம் என்று கருதுகிறார்கள். அந்த மருந்து சாப்பிடும்போது சிவப்பும் பச்சையும் மங்கலாகத் தெரிந்தால் அன்றைக்கே டாக்டரிடம் போகவேண்டும்.

பீன்யாவில் லேத் வேலை. கண்ணில் இரும்புத் தூள் பட்டால் பின்னால் இந்த நோய் வருமா?

மேலோட்டமாகப் பட்டு எடுத்துவிட்ட தூளால் வராது. ஆனால் சுத்தியலும் உளியும் மோதும்போது தெறிக்கும் சில்லு கண்ணைத் துளைத்து உள்ளே தங்கிவிட்டால் விஷயம் வேறு. வலி சில மணியில் அடங்கிவிடும், பார்வையும் நன்றாக இருக்கலாம். இரும்பு மட்டும் மெதுவாகக் கரைந்துகொண்டே இருக்கும். வாரங்களிலிருந்து வருடங்களுக்குள் கண் பாப்பாவைச் சுற்றிய வட்டம் துரு நிறமாகும், பாப்பா விரிந்தே நிற்கும், விழித்திரையின் மின் சமிக்ஞை படுக்கும். இதற்குப் பெயர் சிடரோசிஸ். சுத்தச் செம்புச் சில்லு என்றால் இன்னும் வேகம், சில நாளிலேயே கண் கொதித்துவிடும்.

சந்தேகம் இருந்தால் கண்ணைத் தேய்க்காமல், அழுத்திக் கட்டாமல், மேலே ஒரு காகிதக் கப்பைக் கவிழ்த்து ஒட்டிக்கொண்டு மருத்துவமனைக்குப் போங்கள். சிடி ஸ்கேன்தான் எடுக்க வேண்டும். எம்ஆர்ஐ எடுத்தால் காந்தம் சில்லை இழுத்துக் கண்ணைக் கிழிக்கும். வேறு எதற்காகவோ எம்ஆர்ஐ எடுக்கப் போனாலும் 'நான் லேத் வேலை செய்தவன்' என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

வீட்டில் எப்படிக் கண்காணிப்பது? எப்போது ஓட வேண்டும்?

ஆம்ஸ்லர் கட்டம் என்ற தாள்: 10 செ.மீ. சதுரம், உள்ளே 5 மி.மீ. கட்டங்கள், நடுவில் ஒரு புள்ளி. அச்செடுக்கும்போது அளவு மாறாமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஸ்கேல் வைத்துச் சரிபார்த்துவிட்டு ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டுங்கள். படிக்கும் கண்ணாடி போட்டுக்கொண்டு, 30 செ.மீ. தூரத்தில், ஒரு கண்ணை உள்ளங்கையால் மூடி, புள்ளியையே பாருங்கள். கோடு நெளிகிறதா, எங்காவது கட்டம் காணவில்லையா, புகை போல் திட்டு இருக்கிறதா? பிறகு அடுத்த கண். இரண்டு கண்ணையும் திறந்து பார்ப்பதுதான் எல்லாரும் செய்யும் தப்பு. நல்ல கண் கெட்ட கண்ணின் ஓட்டையை மூடிவிடும். வெளியூரில் தாள் இல்லையென்றால் ஜன்னல் கம்பியோ குளியலறை டைல்ஸ் கோடோ போதும்.

முன்பு நேராக இருந்த கோடு இன்று நெளிந்தால், அல்லது நடுவில் புதிதாகக் கரும்புள்ளி தெரிந்தால், அடுத்த செக்கப் தேதிக்குக் காத்திருக்காமல் இரண்டு மூன்று நாளுக்குள் விழித்திரை டாக்டரைப் பாருங்கள். அரசு மருத்துவமனை வேண்டுமென்றால் கே.ஆர். மார்க்கெட் பக்கத்து மின்ட்டோ கண் மருத்துவமனை இருக்கிறது. ஈர வகை என்று தெரிந்தால் மாத்திரை போதாது. பெவாசிசுமாப், ரானிபிசுமாப், அஃப்ளிபெர்செப்ட் போன்ற மருந்தைக் கண்ணுக்குள் ஊசியாகப் போடுவார்கள், வழக்கமாக முதல் மூன்றும் மாதம் ஒன்றாக. ஊசி போட்ட சில நாளில் வலி, சிவப்பு, பார்வை மங்கல் சேர்ந்து வந்தால் நள்ளிரவானாலும் போக வேண்டும். அது உள்ளே கிருமி பிடித்ததாக இருக்கலாம்.

போகும்போது பழைய ஓசிடி படங்களையும் மாத்திரை டப்பாவையும் எடுத்துப் போங்கள். பாப்பாவை விரிக்கச் சொட்டு மருந்து விடுவார்கள், நாலைந்து மணி நேரம் கிட்டத்து எழுத்து தெரியாது, வெயில் கூசும். வண்டியை நீங்களே ஓட்டிப் போகாதீர்கள்.